காப்ரியைச் சுற்றி அரை நாள்: படகுப் பயணம் பற்றி வாசகர் கேள்விகள்

இத்தாலியின் காப்ரித் தீவைப் படகில் சுற்றி வந்ததைப் பற்றிப் போன இதழில் நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் "நாங்களும் போகிறோம், தனிப் படகு எடுக்கலாமா, எவ்வளவு நேரம், என்ன பார்க்கலாம்" என்றே கேட்டிருந்தன. அதனால் இந்த முறை பகுதி முழுவதும் காப்ரிக்கே. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒன்றாகச் சேர்த்துவிட்டேன்.

கே: எங்கள் இருபத்தைந்தாவது திருமண நாளுக்கு இத்தாலி போகிறோம். காப்ரியில் கூட்டுப் படகிலேயே தீவைச் சுற்றிக் காட்டிவிடுவார்களாம். பிறகு எதற்குத் தனிப் படகுக்கு அவ்வளவு பணம்?

ப: தீவைப் பார்த்தால் போதும் என்றால் கூட்டுப் படகே போதும், நான் முதல் தடவை அதில்தான் போனேன். மரீனா கிராந்தே என்ற வடக்குத் துறையில் ஏற்றி, சுமார் இரண்டு மணி நேரத்தில் தீவைச் சுற்றி அதே துறையில் இறக்கிவிடுவார்கள். அதே பாறைகள், அதே குகை வாசல்கள், அதே கடல். ஆனால் அந்தப் படகு எங்கேயும் நின்று காத்திருக்காது. தண்ணீருக்குள் இறங்க முடியாது, ஒரு குகைக்கு முன்னால் இன்னும் பத்து நிமிடம் இருக்கலாமே என்று தோன்றும்போது படகு திரும்பிவிட்டிருக்கும். தனிப் படகுக்கு நீங்கள் கொடுக்கிற பணம் முழுக்க அந்த நிறுத்தங்களுக்காகத்தான்.

காப்ரி சின்னத் தீவு. பரப்பளவு 10 சதுர கிலோமீட்டருக்குச் சற்றே அதிகம், கரையோரமாக ஒரு சுற்று வந்தால் சுமார் 17 கிலோமீட்டர். அங்கே தனிப் பயணத்துக்குப் பெரும்பாலும் கோத்ஸோ என்கிற படகைத்தான் கொடுப்பார்கள். முன்னும் பின்னும் கூர்ந்த பழைய மீன்பிடிப் படகின் வடிவம். முன்பக்கம் மெத்தை விரித்திருப்பார்கள், பின்பக்கம் நிழலுக்குத் துணி, கடலில் இறங்க ஒரு ஏணி. இது 6 நாட் வேகத்தில், அதாவது மணிக்குச் சுமார் 11 கிலோமீட்டர் வேகத்தில் போனால், நிற்காமல் சுற்ற ஒன்றரை மணி நேரம் ஆகும். நாலு மணி நேரத்துக்குப் படகு எடுத்தால் மீதி இரண்டரை மணி நேரம் உங்கள் கையில். அந்த இரண்டரை மணி நேரத்தை எங்கே செலவழிக்கிறோம் என்பதில்தான் பயணம் நன்றாக அமைவதும் அமையாததும் இருக்கிறது.

இன்னொன்று, வாடகை தலைக்கு இவ்வளவு என்று இல்லை, படகுக்கு இவ்வளவு என்றுதான் பேசுவார்கள். பருவத்தையும் படகையும் பொறுத்து சில நூறு யூரோ ஆகும். இரண்டு பேருக்கு அது கனமான தொகைதான். நாலைந்து பேர் பங்கிட்டால் தாங்கும். ஆனால் இருபத்தைந்தாவது திருமண நாள் என்று எழுதியிருக்கிறீர்கள், உங்களிடம் பங்கிடச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இருவருமே போய் வாருங்கள்.

கே: நாலு மணி நேரத்தில் நீலக் குகை, மூன்று பாறைகள், பச்சைக் குகை, வெள்ளைக் குகை, கலங்கரை விளக்கம் எல்லாம் பார்த்து, இரண்டு இடத்தில் குளித்து, கரையில் இறங்கிச் சாப்பிட்டுவிட்டும் வர முடியுமா? பட்டியல் தயார் செய்துவிட்டேன். சரியா என்று சொல்லுங்கள்.

ப: பட்டியலில் இருந்து நீலக் குகையையும் சாப்பாட்டையும் எடுத்துவிடுங்கள், மற்றதெல்லாம் நடக்கும்.

நீலக் குகையை எடுக்கச் சொன்னதும் பலருக்கு வருத்தமாக இருக்கும், அதனால் காரணத்தை விரிவாகவே சொல்கிறேன். குகை வாசல் கடல்மட்டத்துக்கு மேல் ஒரு மீட்டர் உயரம்தான் இருக்கும், அகலம் இரண்டு மீட்டர். நீங்கள் எடுத்த மோட்டார் படகு உள்ளே போகாது. வாசலுக்கு வெளியே நின்று, அங்கிருக்கும் சின்னத் துடுப்புப் படகுக்கு மாற வேண்டும், படகின் தரையோடு மல்லாந்து படுத்துக்கொள்ள வேண்டும், படகோட்டி சுவரில் பிடித்திருக்கும் சங்கிலியை இழுத்து அலை தாழும் நேரம் பார்த்து உள்ளே கொண்டுபோவார். உள்ளே இருப்பது சில நிமிடங்கள். இதற்குத் தனிக் கட்டணம், சமீப ஆண்டுகளில் தலைக்கு 18 யூரோ. படகு வாடகையில் இது சேராது, ரொக்கமாக வைத்துக்கொள்வது நல்லது. இதெல்லாம் பரவாயில்லை. கோடையில் வாசலுக்கு வெளியே வரிசை நிற்கும் பாருங்கள், அதுதான் கஷ்டம். தனிப் படகு எடுத்த எங்கள் முதல் பயணத்தில் நாலு மணி நேரத்தில் ஒன்றேகால் மணி நேரம் அந்த வரிசையிலேயே போய்விட்டது. நிற்கிற படகு ஓடுகிற படகைவிட அதிகமாக ஆடும், சுற்றிலும் இருபது படகுகளின் டீசல் புகை, என் மனைவிக்குத் தலை சுற்றல். அதன் பிறகு குளிக்கக்கூட யாருக்கும் தெம்பு இல்லை.

குகை அழகு இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். நான் பார்த்த இடங்களில் அது மறக்க முடியாத ஒன்று. ஆனால் அதற்குத் தனியாக இன்னொரு நேரம் ஒதுக்குங்கள். ஆனாகாப்ரி ஊரிலிருந்து குகை வரைக்கும் பேருந்து போகிறது. படி இறங்கினால் அதே துடுப்புப் படகுகள். அங்கேயும் காத்திருக்க வேண்டியிருக்கும், ஆனால் மணிக்கணக்கில் வாடகை கொடுத்த படகு அப்போது உங்களுக்காகச் சும்மா நின்றுகொண்டிருக்காது. நண்பகலிலிருந்து இரண்டு மணிக்குள் ஒளி நன்றாக இருக்கும்.

சரி, மீதி வழி. மரீனா கிராந்தேயிலிருந்து கிழக்கே கிளம்பினால் தீவு உங்கள் வலப்பக்கம் வரும். முதலில் திபேரியஸின் பாய்ச்சல் என்கிற செங்குத்துப் பாறை, ஏறக்குறைய 300 மீட்டர். ரோமப் பேரரசர் திபேரியஸ் கி.பி. 27 முதல் 37-இல் சாகும் வரை பெரும்பாலும் இந்தத் தீவில் இருந்துதான் ஆட்சி செய்தார், அவருடைய மாளிகையின் இடிபாடுகள் அந்த உச்சியில்தான் இருக்கின்றன. தண்டனை பெற்றவர்களை அங்கிருந்து கடலில் தள்ளினார் என்பது அவர் இறந்து பல பத்தாண்டுகள் கழித்து எழுதியவர்கள் சொன்ன கதை, அதை எவ்வளவு நம்பலாம் என்று வரலாற்றாசிரியர்களே இன்னும் வாதாடுகிறார்கள். கீழே படகில் அண்ணாந்து பார்க்கும்போது மட்டும் அந்தக் கதை கொஞ்சம் நடுக்கத்தைத் தரும்.

அடுத்து வெள்ளைக் குகை, சுண்ணாம்புப் படிவங்கள் தொங்குவது வெளியிலிருந்தே தெரியும். ஒரு பத்து நிமிடம். அப்புறம் இயற்கை வளைவு, பாறை முனையில் ஒரு சிவப்பு வீடு (வீட்டின் கூரையே படிக்கட்டாக இறங்கும்), பிறகு ஃபராலியோனி என்கிற மூன்று பாறைகள். ஒன்று கரையோடு ஒட்டியது, 109 மீட்டர். நடுவில் இருப்பதில்தான் குடைந்தாற்போல் வளைவு, அதற்குள் படகு போகும். கடலுக்கு வெளியே தள்ளி நிற்கும் மூன்றாவது பாறையில் மட்டும் நீல நிறப் பல்லி இனம் ஒன்று வாழ்கிறது. படகிலிருந்து கண்ணுக்குத் தெரியாது, இருந்தாலும் அந்தப் பாறையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பல்லி நினைவுக்கு வரும்.

அடுத்து தெற்குக் கரை. இங்கேதான் நேரத்தைக் கொட்டுங்கள். மரீனா பிக்கோலா விரிகுடாவில் ஒரு நிறுத்தம், பச்சைக் குகையருகே ஒரு நிறுத்தம். பச்சைக் குகையில் நீந்தத் தெரிந்தவர்கள் படகிலிருந்தே உள்ளே போய் வரலாம். மரகதப் பச்சை என்று எழுதினால் தேய்ந்த உவமையாகப் போய்விடும். தண்ணீரில் கையை நீட்டினால் கையும் பச்சையாகத் தெரியும், அவ்வளவு சொன்னால் போதும். பிறகு தென்மேற்கு முனையில் புந்தா கரேனா கலங்கரை விளக்கம், மேற்குக் கரையின் பழைய சிறு கோட்டைகள், நீலக் குகை வாசலைத் தூரத்திலிருந்து ஒரு பார்வை, துறைக்குத் திரும்பல்.

கே: எந்தப் பக்கமாகச் சுற்றுவது என்பதை நாம் சொல்லலாமா?

ப: சொல்லாதீர்கள். காற்று சொல்லட்டும். மேலே எழுதிய வழி அமைதியான நாளுக்கானது. அங்கே மேஸ்திராலே என்கிற வடமேற்குக் காற்று அடித்தால் நீலக் குகை மூடிவிடும், வடக்கும் மேற்கும் கொந்தளிக்கும், தெற்குக் கரை மட்டும் மலையின் மறைவில் குளம் மாதிரி கிடக்கும். ஷிரோக்கோ என்கிற தென்கிழக்குக் காற்று வந்தால் நேர் எதிர், தெற்கில் நிற்க முடியாது, வடக்கு சாதுவாகிவிடும். தீவின் நடுவே 589 மீட்டர் உயரத்துக்கு மோந்தே சோலாரோ மலை நிற்பதால் ஏதாவது ஒரு பக்கம் பெரும்பாலும் மறைவு கிடைக்கும். கிளம்பும்போது படகோட்டியிடம் "இன்றைக்கு எந்தப் பக்கம் அமைதி?" என்று மட்டும் கேளுங்கள். அவர் சுற்றாமல் ஒரே பக்கத்தில் போய்த் திரும்பலாம் என்றால் சம்மதித்துவிடுங்கள். முழுச் சுற்று போடாவிட்டால் ஏமாந்துவிட்டோம் என்று நினைக்கிறவர்கள் உண்டு, அலையில் அடிபட்டுச் சுற்றை முடித்தவர்களைக் கேட்டுப் பாருங்கள்.

கே: நாங்கள் சோரெந்தோவில் தங்குகிறோம். அங்கிருந்தே அரை நாள் படகு கிடைக்கிறது. அதில் போகலாமா?

ப: கிடைக்கும், ஆனால் எதிர்க்கரை ஊரான சோரெந்தோவிலிருந்து காப்ரிக்குக் கடலைக் கடக்கவே படகின் வேகத்தைப் பொறுத்து முக்கால் மணி, ஒரு மணி நேரம் ஆகலாம். திரும்பவும் அதே. அரை நாளில் பாதி அதிலேயே தீரும். பயணிகளை ஏற்றும் சாதாரண விரைவுப் படகில் அரை மணி நேரத்துக்குள் காப்ரி வந்து, தனிப் படகில் மரீனா கிராந்தேயில் ஏறுவதுதான் கணக்குக்கு வரும். முழு நாள் எடுப்பதானால் சோரெந்தோவிலிருந்தே போங்கள், வழியில் அந்த ஊர் இருக்கும் தீபகற்பத்தின் முனையான புந்தா காம்பனெல்லாவின் கரையும் கிடைக்கும்.

கே: முன்பதிவு செய்யும்போது என்னென்ன கேட்க வேண்டும்? போன முறை வேறொரு தீவில் ஏறிய பிறகு எரிபொருளுக்குத் தனியாகப் பணம் கேட்டார்கள்.

ப: உங்களுக்கு நடந்தது பலருக்கும் நடக்கிறது. எரிபொருளும் படகோட்டியின் கூலியும் வாடகையில் அடக்கமா என்பதை எழுத்தில் வாங்குங்கள், வாய்ப்பேச்சு வேண்டாம். காற்றினால் பயணம் ரத்தானால் முழுப் பணமும் வருமா, அல்லது வேறு நாளுக்கு மாற்ற மட்டும்தான் விடுவார்களா என்பது அடுத்தது. காப்ரியில் ஒரே நாள் இருப்பவருக்கு "வேறு நாள்" என்பதால் ஒரு பயனும் இல்லை. நாலு மணி நேரம் என்பது துறையிலிருந்து துறைக்கா, ஏறி உட்கார்ந்த பிறகா என்று கேட்கலாம். எத்தனை பேருக்கு அனுமதி பெற்ற படகு, நிழல் உண்டா, கழிப்பறை உண்டா (சின்ன கோத்ஸோவில் இருக்காது, குழந்தைகளோடு போகிறவர்களுக்கு இது பெரிய விஷயம்), உயிர்காப்பு அங்கி குழந்தை அளவில் இருக்கிறதா.

முடிந்தால் உங்கள் பயணத்தின் முதல் நாளுக்கோ இரண்டாம் நாளுக்கோ பதிவு செய்யுங்கள், கடைசி நாளுக்கு வேண்டாம். காற்று கெடுத்தால் மாற்றிக்கொள்ள நாள் மிச்சம் இருக்கும்.

கே: அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி. காரில் போனாலே வாந்தி வரும். அழைத்துப் போகலாமா, விட்டுவிட்டுப் போகலாமா என்று வீட்டில் தினமும் பேச்சு.

ப: அழைத்துப் போங்கள் தம்பி. நானும் என் அம்மாவை அழைத்துப் போனேன், அப்போது அவருக்கு 70. எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

சிரமம் ஏறுவதிலும் இறங்குவதிலும்தான். துறைக்கும் படகுக்கும் நடுவில் ஒரு அடி இடைவெளியும் கொஞ்சம் உயர வித்தியாசமும் இருக்கும். மத்தியதரைக் கடலில் ஏற்றவற்றம் மிகக் குறைவு, அங்கே ஒரு அடி அளவுதான், ஆகையால் காலையில் எப்படி ஏறினாரோ அப்படியேதான் மதியமும் இறங்கலாம். முன்கூட்டியே எழுதிச் சொன்னால் படகோட்டி சின்னப் படிப்பலகை போட்டு, இரண்டு பக்கமும் கை கொடுத்து ஏற்றுவார். அவசரப்படுத்தாதீர்கள், அம்மா முதலில் ஏறட்டும், மூட்டை முடிச்செல்லாம் பிறகு.

வாந்திக்கு, மருத்துவரிடம் கேட்டு மாத்திரையைக் கிளம்புவதற்கு ஒரு மணி நேரம் முன்பே கொடுத்துவிடுங்கள். தலை சுற்ற ஆரம்பித்த பிறகு கொடுத்தால் பலன் குறைவு. வெறும் வயிறும் ஆகாது, நிறைந்த வயிறும் ஆகாது. உட்கார வைப்பது படகின் நடுவிலோ அதற்குச் சற்றுப் பின்னாலோ. முன்பக்க மெத்தை புகைப்படத்துக்கு நன்றாக இருக்கும், ஆட்டமும் அங்கேதான் அதிகம். கண் தூரத்துக் கரையிலோ அடிவானத்திலோ இருக்கட்டும், கைப்பேசி பையில் இருக்கட்டும். காலை ஒன்பது மணிப் படகை எடுங்கள், ஏனென்றால் கோடையில் மதியத்துக்கு மேல் கடற்காற்று எழுந்து சின்னச் சின்ன அலைகளாக வெட்டிக்கொண்டிருக்கும், பெரிய படகுகள் கிளப்பும் அலையும் சேர்ந்துகொள்ளும். படகு நிற்கிற இடம் மறைவான விரிகுடாவாக இருக்கட்டும் என்று முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

என் அம்மா கடலில் இறங்கவில்லை. படகின் பின்விளிம்பில் உட்கார்ந்து இரண்டு காலையும் தண்ணீரில் விட்டுக்கொண்டு அரை மணி நேரம் ஒன்றும் பேசாமல் இருந்தார். "போதுமா?" என்று கேட்டதற்கு "இன்னும் கொஞ்சம்" என்றார். அந்தப் பயணத்தில் எனக்கு மிச்சமிருப்பது அந்த அரை மணி நேரம்தான்.

கே: எனக்கும் என் மகளுக்கும் நீச்சல் தெரியாது. நீச்சல் உடை போடும் பழக்கமும் இல்லை. தண்ணீரில் இறங்க ஆசை. சிரிப்பார்களோ?

ப: யாரும் சிரிக்க மாட்டார்கள். லெக்கிங்ஸும் கைநீளமான நீச்சல் சட்டையும் போட்டு இறங்குகிறவர்கள் அங்கே நிறைய, வெயிலுக்காகவே பல ஐரோப்பியர்கள் அப்படித்தான் இறங்குகிறார்கள். பருத்திச் சுடிதார் மட்டும் வேண்டாம், நனைந்தால் கனத்துக் காலைச் சுற்றிக்கொள்ளும், நீச்சல் தெரியாதவர்களுக்கு அது ஆபத்து. துப்பட்டா படகிலேயே இருக்கட்டும்.

உயிர்காப்பு அங்கியை நன்றாக இறுக்கிக் கட்டிக்கொண்டு ஏணி வழியாக இறங்குங்கள், குதிக்க வேண்டாம். அந்தக் கடலில் உப்பு பெருங்கடல்களைவிடச் சற்றே அதிகம், லிட்டருக்கு 38 கிராம் அளவு, உடம்பு கொஞ்சம் எளிதாகவே மிதக்கும், ஆனால் அதை நம்பி அங்கியைக் கழற்றிவிடாதீர்கள். ஒருவர் இறங்கும்போது ஒருவர் படகில் இருங்கள். இயந்திரம் நின்றிருக்கிறதா என்று கேட்டுவிட்டே இறங்க வேண்டும், இதை ஒவ்வொரு முறையும் கேளுங்கள். ஏணிக்குப் பக்கத்திலேயே கயிற்றைப் பிடித்துக்கொண்டு மிதந்தாலே போதும். காலுக்குக் கீழே பத்து மீட்டர் ஆழத்தில் தரை தெரியும், முதலில் பயமாக இருக்கும், ஐந்து நிமிடத்தில் அந்தப் பயம் ஆனந்தமாக மாறிவிடும்.

ஜெல்லிமீன் வரும் நாட்களும் உண்டு. ஊதா நிறத்தில் சின்னதாக இருக்கும், கொட்டினால் எரியும். கொட்டிய இடத்தைத் தேய்க்காமல் கடல் தண்ணீராலேயே கழுவுங்கள், குடிநீரால் கழுவினால் எரிச்சல் கூடும். இறங்குவதற்கு முன் படகோட்டி தண்ணீரை ஒரு பார்வை பார்ப்பார், அவர் வேண்டாம் என்றால் வேண்டாம்.

கே: பத்தாம் வகுப்பு படிக்கிறேன். அந்தக் கடல் மட்டும் ஏன் அவ்வளவு நீலம்? படங்களில் நடுநடுவே கருநீலத் திட்டுகளும் தெரிகின்றனவே, அது ஆழமா?

ப: நல்ல கேள்வி. மத்தியதரைக் கடலில் சத்துப்பொருள்கள் குறைவு, அதனால் நுண்ணுயிர் மிதவைகளும் குறைவு, தண்ணீர் கலங்காமல் தெளிவாக இருக்கிறது. தண்ணீர் சூரிய ஒளியில் சிவப்பை முதலில் உறிஞ்சிவிடும், நீலம்தான் ஆழம் வரைக்கும் போய்த் திரும்பி வரும். காப்ரி முழுக்கச் சுண்ணாம்புப் பாறை, வெளிறிய அடித்தரை அந்த ஒளியைத் திருப்பி அனுப்புகிறது. நீலக் குகையிலும் இதேதான் நடக்கிறது: படகு போகும் வாசலுக்குக் கீழே, தண்ணீருக்குள், அதைவிடப் பெரிய திறப்பு ஒன்று இருக்கிறது. வெயில் அந்த வழியாகத் தண்ணீருக்குள் புகுந்து வருவதால் சிவப்பெல்லாம் வழியிலேயே வடிந்து, குகைக்குள் கீழேயிருந்து நீலமாக எழும்புகிறது. 1826-இல் ஆகுஸ்த் கோபிஷ் என்ற ஜெர்மானியரும் அவருடைய நண்பரும் உள்ளூர் மீனவர் ஒருவரோடு இதற்குள் போய்வந்த பிறகுதான் ஐரோப்பா முழுக்க இதன் பெயர் பரவியது. ஆனால் அதற்கு வெகு காலம் முன்பே ரோமானியர்களுக்குத் தெரிந்த இடம்தான், 1964-இல் குகையின் அடியிலிருந்து ரோமானியச் சிலைகளை எடுத்தார்கள்.

கருநீலத் திட்டுகள் எல்லாம் ஆழம் இல்லை. பல இடங்களில் அது போசிடோனியா என்கிற கடற்புல்வெளி. பாசி என்று நினைக்கிறார்கள், அது வேரும் பூவும் உள்ள தாவரம், இங்கே வளரும் இனம் மத்தியதரைக் கடலில் மட்டுமே இருப்பது. மீன் குஞ்சுகளுக்கு அதுதான் வீடு, மணலைப் பிடித்துவைப்பதும் அதுதான். மிக மெதுவாக வளரும், ஒரு நங்கூரம் பிடுங்கிய இடம் ஆற எத்தனையோ ஆண்டுகள் ஆகும். ஆகவே படகு நிற்கும்போது "மணலில் போடுங்கள்" என்று படகோட்டியிடம் ஒரு வார்த்தை சொல்லச் சொல்லி உன் பெற்றோரிடம் சொல். நல்ல படகோட்டிகள் சொல்லாமலே வெளிர்நிறத் தரை பார்த்துத்தான் போடுவார்கள்.

கே: உரிமம் இல்லாமலே சின்ன மோட்டார் படகை நாமே ஓட்டலாமாமே? அது மலிவு.

ப: உண்மைதான், இத்தாலியில் சுமார் 40 குதிரைத்திறன் வரையுள்ள சிறு படகை உரிமம் இல்லாமலே வாடகைக்கு எடுக்கலாம். கடலில் படகு ஓட்டிப் பழகியவராக இருந்தால் எடுங்கள். இல்லையென்றால் காப்ரியில் மட்டும் பழகாதீர்கள். மரீனா கிராந்தேயில் நிமிடத்துக்கு நிமிடம் விரைவுப் படகுகள் வந்து போகின்றன, ஃபராலியோனி வளைவில் எதிரும் புதிருமாகப் படகுகள் நுழையும், பாறையை ஒட்டி நீந்துகிறவர்கள் தலை மட்டும் தெரியும். மிச்சம் பிடிக்கிற பணத்துக்கு நாலு மணி நேரமும் நீங்கள் கரையைப் பார்க்காமல் சுக்கானைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

கே: நாங்கள் சைவம். படகில் என்ன கிடைக்கும்?

ப: அரை நாள் படகில் பெரும்பாலும் தண்ணீர், குளிர்பானம், பழம், கொறிக்க ஏதாவது, எலுமிச்சை மதுவான லிமோன்செல்லோவும் நீட்டுவார்கள், வேண்டாம் என்றால் விட்டுவிடுவார்கள். தக்காளி, மொத்ஸரெல்லா பாலாடைக்கட்டி, துளசி இனத்து பாசிலிகோ இலை வைத்த காப்ரேஸே அந்தத் தீவின் பெயரிலேயே உள்ள சாலட், அதை ரொட்டிக்குள் வைத்து வாங்கி வந்துவிடுங்கள். கண்டிப்பான சைவம் என்றால் ஒரு விஷயம்: காப்ரி இருக்கும் காம்பானியா வட்டாரத்தின் எருமைப்பால் மொத்ஸரெல்லாவைத் திரிக்கக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் ரென்னெட்டைத்தான் மரபாகச் சேர்க்கிறார்கள். அது ஆகாதவர்கள் தக்காளி, வறுத்த கத்தரிக்காய், ஆலிவ் வைத்த ரொட்டி கேளுங்கள். கரையோர உணவகத்தில் இறங்கிச் சாப்பிடுவதை முதலிலேயே வேண்டாம் என்றேன், ஏனென்றால் இறங்கி, உட்கார்ந்து, பில் வாங்கி ஏறுவதற்குள் ஒன்றரை மணி நேரம் போய்விடும்.

கே: எந்த மாதம் போகலாம்?

ப: என்னைக் கேட்டால் செப்டம்பரின் நடுப்பகுதி. கோடை முழுக்கச் சூடேறிய கடல் அப்போதும் 25 டிகிரி அளவில் இருக்கும், கூட்டம் குறைய ஆரம்பித்திருக்கும். மே மாதம் கரையில் பூக்களோடு அழகு, தண்ணீர் 18, 19 டிகிரிதான், நம்மில் பலர் கால் வைத்ததும் எடுத்துவிடுவோம். ஆகஸ்டைத் தவிர்க்க முடிந்தால் தவிருங்கள், முக்கியமாக 15-ஆம் தேதியை ஒட்டிய வாரத்தை. இத்தாலியே விடுமுறையில் இருக்கும், பாதிப் பேர் அந்தக் கடலில் இருப்பார்கள். அக்டோபரில் வெயில் இதமாக இருக்கும், காற்றினால் ரத்தாகும் நாட்கள் கூடும்.

கே: மேற்குக் கரையில் கோட்டைகள் என்று எழுதியிருந்தீர்கள். யார் கட்டியது? ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியன், அதனால் கேட்கிறேன்.

ப: ஐயா, அந்தச் சிறு கோட்டைகள் நெப்போலியன் காலத்துச் சண்டையோடு சேர்ந்தவை. 1806-இல் ஆங்கிலேயர்கள் காப்ரியைப் பிடித்தார்கள். 1808 அக்டோபரில், நெப்போலியனின் மைத்துனரும் நேப்பிள்ஸின் அரசராகியிருந்தவருமான மூராவின் படை அதை மீட்டது. காவல் இருந்த துறைகளை விட்டுவிட்டு, யாரும் எதிர்பார்க்காத ஓரிக்கோ என்கிற வடமேற்குப் பாறைக் கரையில் ஏணி சார்த்தி ஏறினார்கள். தீவைப் பறிகொடுத்த ஆங்கிலத் தளபதி ஹட்சன் லோ, பிற்பாடு செயின்ட் ஹெலினாவில் நெப்போலியனுக்குக் காவலராக இருந்த அதே லோதான். நீங்கள் போகும்போது மேற்குக் கரையில் வேகத்தைக் குறைக்கச் சொல்லுங்கள், பெரும்பாலான படகுகள் ஃபராலியோனியோடு சுவாரசியம் தீர்ந்துவிட்டதென்று இந்தப் பக்கத்தை விரட்டிக்கொண்டு போய்விடும். ஓரிக்கோவுக்கு முன்னால் படகை நிறுத்தி அந்தப் பாறையைப் பார்த்தால், ஏணியோடு அங்கே எப்படி ஏறினார்கள் என்று நீங்களே வியப்பீர்கள்.

கே: மூன்று பாறைகளின் வளைவுக்குள் போகும்போது தம்பதிகள் முத்தமிட்டால் நல்லது என்கிறார்களே?

ப: படகோட்டிகள் எல்லோரிடமும் சொல்வார்கள். வளைவைக் கடக்கச் சில நொடிகள்தான், புகைப்படம் எடுக்கும் வேலையைப் பிள்ளைகளிடம் முன்பே கொடுத்துவிடுங்கள்.

கே: கையில் என்ன எடுத்துப் போக வேண்டும்? படகோட்டிக்கு அன்பளிப்பு கொடுக்க வேண்டுமா?

ப: துண்டு, மாற்று உடை, தொப்பி (கழுத்தில் கட்டும் கயிறோடு, காற்றில் பறந்த தொப்பிகள் அங்கே கணக்கில்லை), கைப்பேசிக்குத் தண்ணீர் புகாத உறை, நீர்க்கண்ணாடி. செருப்பை ஏறும்போதே கழற்றிக் கூடையில் போடச் சொல்வார்கள். அன்பளிப்பு கட்டாயம் இல்லை. மனசுக்குப் பிடித்திருந்தால் கொடுங்கள். நான் அம்மாவோடு போன அன்று கொடுத்தேன், ஏனென்றால் அவர் இன்னும் கொஞ்சம் என்று சொன்னபோது அந்தப் படகோட்டி கடிகாரத்தைப் பார்க்காமல் இயந்திரத்தை நிறுத்தியே வைத்திருந்தார்.